எந்தச் சருமத்துக்கு

மிசியோன் வீதி மருந்துக் கடையில் ஜெராருக்குத் தெரியாத சரக்கு கிடையாது. பிரஷர் மாத்திரை, மூட்டுவலிக் களிம்பு, சளிக்கு ஒரு பச்சைநிற மருந்து, எல்லாவற்றையும் பெயர் சொல்லித்தான் கேட்பார். பெயரைப் பிரெஞ்சு உச்சரிப்பில் கேட்பதால் கடைக்காரன் இரண்டு முறை திருப்பிச் சொல்லச் சொல்வான், அதிலும் அவருக்கு ஒரு பெருமை. அப்பேர்ப்பட்டவர் அன்று காலை கண்ணாடி அலமாரிக்கு முன்னால் பள்ளிக்கூடப் பையன் மாதிரி விழித்துக்கொண்டு நின்றார்.

"தம்பி, வெயிலுக்குப் பூசற கிரீம் ஒண்ணு வேணும்."

கடைக்காரன் வினோத்குமார் நிமிர்ந்து பார்த்தான். "சன்ஸ்கிரீனா சார்? உங்களுக்கா?"

"எனக்கெதுக்குப்பா? நான் ஆப்பிரிக்காவுல, ஜிபுத்தி வெயில்லயே தொப்பி இல்லாம நின்னவன். பேத்திக்கு. பிரான்ஸ்லேருந்து வருது."

வினோத்குமார் மேசையறையைத் திறந்து, பிளாஸ்டிக் உறை போட்ட ஓர் அட்டையை எடுத்தான். போன மாதம்தான் ஒரு கிரீம் கம்பெனிக்காரர்கள் கடைக்காரர்களை எல்லாம் ஓட்டலுக்குக் கூப்பிட்டு, பிரியாணி போட்டு, இந்த அட்டையைக் கையில் கொடுத்து அனுப்பியிருந்தார்கள். அதைக் காட்டிக் கேள்வி கேட்க அவனுக்கு இதுவரை ஓர் ஆளும் சிக்கவில்லை.

"ஸ்கின் எப்படி சார்?"

"வெள்ளை. பால் மாதிரி. மாப்பிள்ளை பிரெஞ்சுக்காரரு."

"அது கலரு சார். நான் கேக்கறது டைப்பு. ஆயிலியா, டிரையா, ரெண்டும் கலந்ததா? வேர்த்தா அரிப்பு வருமா?"

"கொழந்தப்பா அது. அஞ்சு வயசு."

"கொழந்தைக்குத்தான் சார் பாத்துப் போடணும். ஒத்துக்காததப் போட்டா தடிச்சுப் போயிடும். தொட்டுப் பாத்தாலே தெரிஞ்சிடுமே சார், சொரசொரன்னு இருக்கா, மொழுமொழுன்னு இருக்கா?"

ஜெரார் அட்டையைப் பார்த்தார். அட்டையில் ஒரு பெண் கன்னத்தில் விரலை வைத்துச் சிரித்துக்கொண்டிருந்தாள். "நாளைக்கு வர்றேன்" என்று சொல்லிவிட்டுக் குடையை எடுத்துக்கொண்டு கிளம்பிவிட்டார்.

தொட்டுப் பார்த்தாலே தெரிந்துவிடுமாம். பேத்தியை அவர் தொட்டதும் இல்லை, பார்த்ததும் இல்லை.

புதுச்சேரியில் பிரெஞ்சு ராணுவத்தில் வேலை பார்த்தவனுக்குச் 'சொல்தா' என்று பெயர். ஜெரார் அசல் சொல்தா. இளமையெல்லாம் வெளிநாட்டுப் பாசறைகளில் கழிந்தது. ஓய்வு பெற்று வந்தபோது, மாதா கோவிலுக்குப் பின்புறச் சந்தில் மாடி வைத்த வீடு, மாதம் தவறாத பென்ஷன், வாய் ஓயாத மனைவி மதலேன், ஒரே மகள் ஜெனவியேவ் என்று எல்லாம் இருந்தது. மகள் படிக்கப் பிரான்சுக்கு, லியோன் போனாள். அங்கேயே ஃப்ளோரான் என்கிறவனைக் கல்யாணம் செய்துகொண்டாள். மகளுக்குக் கைக்குழந்தை இருந்த நேரத்தில் இங்கே மதலேன் இறந்துபோனாள். ஜெனவியேவ் குழந்தையைப் புருஷனிடம் விட்டுவிட்டு அடக்கத்துக்கு மட்டும் ஓடி வந்து, அழுது முடிப்பதற்குள் திரும்பிப் போனாள். அதன்பிறகு வீட்டில் மிச்சம் இருந்தது பென்ஷனும் மாடியும்தான்.

அந்த வீட்டில் தனியாக இருப்பது எப்படி இருக்கும் என்று யாரும் அவரிடம் கேட்டதில்லை. கேட்டிருந்தால், "நல்லாத்தான் இருக்கு" என்றிருப்பார். டிவியைச் சத்தமாக வைத்துவிட்டு அடுத்த அறையில் போய் உட்காருவார், வீட்டில் வேறு யாரோ பேசிக்கொண்டிருக்கிறார்கள் என்று நினைத்துக்கொள்ளலாம். சமைக்க வரும் வீராயி காலையில் வந்து பதினோரு மணிக்குள் கிளம்பிவிடுவாள். அவள் வெளியே போய்க் கதவு சாத்துகிற சத்தம் அவருக்குப் பிடிக்காது. அதனால் அந்த நேரத்துக்குக் கொல்லைப்புறம் போய்விடுவார்.

இந்த நிலைமையில்தான் ஜெனவியேவ் போன் செய்தாள். ஆகஸ்டில் வருகிறார்கள், மூன்று பேரும். பேத்தி ஏலோதிக்கு இந்தியாவைக் காட்ட வேண்டுமாம்.

"எங்க தங்கறீங்க?"

"கடற்கரைப் பக்கம் ஓட்டல் போட்டுட்டோம் பப்பா. ஃப்ளோரானுக்கு ஏசி இல்லாம முடியாது. கொசு வேற."

ஓட்டல் என்றதும் ஜெராருக்குச் சுருக்கென்றது. மாடியறைக்கு வெள்ளையடிக்க ஆள் பார்க்கலாம் என்று அதற்குள் கணக்குப் போட்டிருந்தார். ஆனாலும் விட்டுக்கொடுக்காமல் கேட்டார்:

"ஒரு நாள் கொழந்தைய எங்கிட்ட விடு. நோணாங்குப்பம் கூட்டிட்டுப் போறேன். போட்டுல பாரடைஸ் பீச் போயிட்டு வந்துடறோம். நானும் அவளும் மட்டும்."



"வெயில் ரொம்ப இருக்குமே பப்பா. பாக்கலாம்."

முடியாது என்று அவள் சொல்லவில்லை என்பது ஜெராருக்குப் போதுமானதாக இருந்தது. தடை வெயில்தான். வெயிலுக்கு மருந்து கடையில் விற்கிறது. சரியான மருந்தை வாங்கி மேசையில் வைத்துவிட்டால் மகள் என்ன காரணம் சொல்வாள்? ஒரு நாள். படகில் ஒரு பக்கம் அவர், எதிர்ப்பக்கம் பேத்தி. அந்த ஒரு நாளை வைத்துக்கொண்டு மிச்ச நாட்களை ஓட்டிவிடலாம் என்று அவர் மனதார நம்பினார்.

பேத்தியின் சருமம் எப்படி என்று மகளையே கேட்டுவிடலாம் என்று மத்தியானம் லியோனுக்குப் போன் போட்டார். எடுத்தது ஃப்ளோரான். 'என் பேத்தியின் தோல் எப்படி இருக்கும் மாப்பிள்ளை' என்று எந்த வாயால் கேட்பது? அங்கே மழையா என்று கேட்டார். மழை என்றான். இங்கே வெயில் என்றார். அப்படியா என்றான். இருவரும் ஒருவர் உடல்நலத்தை ஒருவர் இரண்டு முறை விசாரித்துவிட்டு வைத்துவிட்டார்கள்.

மிச்சம் இருந்தது போட்டோக்கள். மொத்தமே இரண்டு. ஒன்றில், பிறந்த கையோடு கம்பளிக்குள் சுற்றிய முகம், ரோஜா நிறத்தில். இன்னொன்றில் பனிக்கட்டி நடுவே தொப்பியும் கழுத்துத்துணியும் போட்டு ஒரு குழந்தை நிற்கிறது. கேமராவின் பளிச்சொளி மூஞ்சியில் அடித்து மூக்கும் வாயும்கூடச் சரியாகத் தெரியவில்லை. தெரிந்தவரை வெள்ளை. இந்த இரண்டையும் வைத்துக்கொண்டுதான் ஜெரார் தெரு முழுக்க, "என் பேத்தி பால் மாதிரி" என்று சொல்லி வைத்திருந்தார். நம் ஜனங்கள் கேட்கிற முதல் கேள்வியே அதுதானே! குழந்தை ஆணா பெண்ணா என்பதுகூட அப்புறம்தான். அவர்கள் கேட்டார்கள், இவர் சொன்னார். சொல்லச் சொல்ல அவருக்கே அது பார்த்த மாதிரி ஆகிவிட்டது.

வீராயி மட்டும் நம்பவில்லை. "மருமவன் வெள்ளக்காரரா இருந்தா கொழந்தையும் வெள்ளையாவா இருக்கணும் முசியே? நம்ம ஜெனியம்மா கலரும் கொஞ்சம் ஒட்டியிருக்குமில்ல?"

"நீ கொழம்பப் பாரு" என்றார் ஜெரார்.

மறுநாளே மூன்று டியூப் வாங்கி வந்தார். முதலில் கையின் உட்புறம் கொஞ்சம் தடவி, ஒரு நாள் விட்டுப் பார்க்க வேண்டும் என்று வினோத்குமார் சொல்லியிருந்தான். பேத்தியின் கைக்கு எங்கே போவது? தன் கையிலேயே வரிசையாகத் தடவினார். ஒன்று எரிந்தது. இன்னொன்று பிசுபிசுவென்று எண்ணெய்ப் பலகாரம் சாப்பிட்ட கை மாதிரி இருந்தது. மூன்றாவது எரியவில்லை, ஒட்டவில்லை, வாசனைகூட நன்றாக இருந்தது. ஆனால் தடவிய இடம் வெள்ளை வெளேரென்று அப்படியே நின்றது. டியூபில் போட்டிருந்த வெயில் தடுப்பு எண்ணும் அதில்தான் பெரியது, ஐம்பது.

முகத்திலும் பூசிப் பார்த்துவிடுவோம் என்று பூசிக்கொண்டு கூடத்துக்கு வந்தார். வீராயி விளக்குமாற்றைக் கீழே போட்டுவிட்டாள்.

"இன்னா முசியே, பட்டை போட்டிருக்கீங்க? சாமியார் பாத்தா மாதா கோயிலுக்குள்ள விடமாட்டாரு!"

கடையில் வினோத்குமாரும் அதைத்தான் வேறு மாதிரி சொன்னான். "இது மாவு மாதிரி மேலயே நிக்கும் சார். நம்ம கலருக்கு நல்லாயிருக்காது. ரொம்ப வெளுத்த ஸ்கின்னுக்குன்னே செஞ்சது, அவங்களுக்குப் பூசினா தெரியாது."

"அப்ப இதான்" என்றார் ஜெரார். பளபளப்புக் காகிதம் வாங்கி, அந்த டியூபைப் பரிசுப்பொருள் மாதிரி கட்டி, ரிப்பன்கூட வைத்தார்.

ஆகஸ்டில் ஒரு மத்தியானம் சந்துக்குள் குவாலிஸ் வண்டி நுழைந்தது. ஜெரார் இஸ்திரி போட்ட சட்டையில் வாசலில் நின்றார். முதலில் ஃப்ளோரான் இறங்கினான். நல்ல உயரம், மூக்கு அதற்குள் சிவந்திருந்தது. அப்புறம் ஜெனவியேவ். கண்ணாடி போட்டிருந்தாள், முன்நெற்றியில் நரை. மகளுக்கு நரைத்துவிட்டதே என்று அவர் வருத்தப்பட்டு முடிப்பதற்குள், அவள் பின்னாலேயே ஒரு சிறுமி முதுகில் கரடிப் பொம்மைப் பையோடு தொப்பென்று குதித்தாள்.

கறுப்புக் குழந்தை. நல்ல, பளபளப்பான கறுப்பு. சுருட்டை முடி. மதலேனின் அகன்ற நெற்றி.

ஜெரார் அவளைப் பார்த்தார். வழியில் யாருடைய குழந்தையையோ ஏற்றிக்கொண்டு வந்திருக்கிறார்கள் என்று அவர் புத்தி முடிவு கட்டியது. உடனே அவர் குனிந்து, அவளைத் தாண்டி, வண்டிக்குள் பார்த்தார். பின்சீட்டில் ஒரு தண்ணீர் பாட்டிலும் மடித்த சட்டையும் கிடந்தன. வேறு யாரும் இல்லை. எதையாவது விட்டுவிட்டோமோ என்று அந்தக் குழந்தையும் திரும்பி வண்டிக்குள் எட்டிப் பார்த்தாள்.

எல்லாம் ஒரு நொடிதான். அதற்குள் அவருக்கு உண்மை உறைத்துவிட்டது. பதறிப்போய், "ஏலோதி! என் கண்ணு!" என்று அவள் முகத்தைப் பிடித்து இரண்டு கன்னத்திலும் முத்தம் கொடுத்தார். மீசை குத்தியதில் அவள் சிரித்தாள். ஆனால் ஜெனவியேவ் சிரிக்கவில்லை. அப்பா குனிந்ததை அவள் பார்த்துவிட்டாள்.

சாப்பாட்டு மேசையில், அன்று மட்டும் நேரத்துக்குக் கிளம்பாமல் இருந்த வீராயி நண்டு வறுவலும் மீன் குழம்பும் கொண்டுவந்து அடுக்கினாள். ஃப்ளோரான் நண்டை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு, அருமை அருமை என்று பிரெஞ்சில் புகழ்ந்தான். ஏலோதிக்கு ஆம்லெட் போட்டுத் தந்தார்கள். அதைத் தின்றுவிட்டு அவள் பல்லியைத் தேடிக் கூடத்துக்கு ஓடினாள்.

ஜெரார் அந்தப் பொட்டலத்தைக் கொடுக்காமல் இருந்திருக்கலாம். அவருக்கும் அது தோன்றத்தான் செய்தது. ஆனால் அது மேசை நடுவில், ரிப்பனோடு, காலையிலிருந்தே உட்கார்ந்திருந்தது. ஜெனவியேவ் கையை நீட்டி எடுத்தாள்.

"இது யாருக்கு பப்பா?"

"ஏலோதிக்கு. நீ வெயிலுன்னியே. போட்டுல போறதுக்கு..."

காகிதத்தைப் பிரித்தாள். டியூபின் பின்பக்கத்தைப் படித்தாள். மிக வெளுத்த சருமத்துக்கு மட்டும் என்று கொட்டை எழுத்தில் போட்டிருந்தது. அதை மேசையில் வைத்துவிட்டுத் தமிழில், தாழ்ந்த குரலில் கேட்டாள்:

"வண்டிக்குள்ள யாரத் தேடினீங்க?"

ஜெரார் கழன்று கிடந்த ரிப்பனை எடுத்து விரலில் சுற்றினார்.

"அம்மா என்னைப் பத்து மணிக்கு மேல வாசல்ல விட்டதில்ல. கறுத்துடுவே, கறுத்துடுவே. அதுக்கப்புறம் யாரு கட்டுவாங்கன்னு சொல்லிட்டே இருப்பாங்க. கடல் பக்கத்துல பொறந்துட்டு நான் நீச்சல் கத்துக்கிட்டது லியோன்ல, முப்பது வயசுக்கு மேல. இவ வருஷம் பூரா வெளியிலதான் வெளயாடறா. அந்த வார்த்தைய அவ காதுல நான் விழவிட்டதில்ல பப்பா."

"அதுக்காக வாங்கல ஜெனி. வெயிலு சுடக்கூடாதுன்னுதான்..."

"அம்மாவும் என் நல்லதுக்குத்தான் சொன்னாங்க."

தமிழ் தெரியாத ஃப்ளோரான் இருவரையும் பார்த்துப் புன்னகை செய்து, இன்னொரு நண்டு கிடைக்குமா என்று கேட்டான். ஜெரார் எழுந்து அவனுக்குப் பரிமாறினார்.  படகைப் பற்றி அதன்பிறகு யாரும் பேசவில்லை. வெயில் தாழ்ந்ததும் மூவரும் ஓட்டலுக்குப் போய்விட்டார்கள்.

டியூப் மேசையிலேயே கிடந்தது. வீராயி தட்டுகளை எடுக்கும்போது அதையும் எடுத்து அலமாரியில் வைத்தாள். அவளுக்குக் கிண்டல் வரவில்லை. "ஒரு வார்த்த கேட்டிருக்கலாமில்ல முசியே, கொழந்த எப்படி இருக்கும்னு" என்று மட்டும் சொன்னாள்.

கேட்டிருக்கலாம்தான். எத்தனை போன் பேசியிருக்கிறார்! மழையைக் கேட்டார், சாப்பாட்டைக் கேட்டார், காய்ச்சல் வந்ததா, ஊசி போட்டார்களா என்று கேட்டார். அவள் யாரைப் போல இருக்கிறாள் என்று ஒரு நாளும் கேட்கவில்லை, தெரியும் என்று நினைத்திருந்தார். மகளும் சொல்லவில்லை, சொல்ல வேண்டிய சமாசாரம் என்று அவளுக்கு ஏன் தோன்றப் போகிறது? அவருக்குத் தன்மேலேயே அருவருப்பாக இருந்தது. மதலேன் மகளைக் 'கறுப்பி' என்று கூப்பிட்டபோதெல்லாம் தான் ஊரில் இல்லை என்று இத்தனை நாள் ஒரு நிம்மதி வைத்திருந்தார். வண்டி முன்னால் குனிந்தது மதலேன் இல்லையே.

மறுநாள் காலை மருந்துக் கடைக்குப் போய், சட்டைக் கையை மடித்து, முழங்கை வரை வினோத்குமாருக்கு முன்னால் நீட்டினார்.

"இந்தக் கலருக்கு ஒண்ணு குடு."

"உங்களுக்கா சார்?"

"பேத்திக்குத்தான். என்னைவிடவும் நல்ல கறுப்பு. என் சம்சாரத்துக் கலரு."

வினோத்குமார் ஒரு நிமிடம் அவரைப் பார்த்தான். பிறகு ஒன்றும் கேட்காமல் ஏணி போட்டு ஏறி, மேல் தட்டிலிருந்து ஒரு பெட்டியை எடுத்தான். "இது ஜெல்லு சார். பூசினா தெரியவே தெரியாது. டைப்பு மட்டும் சொல்லிட்டீங்கன்னா..."

மறுபடியும் அதே கேள்வி. இந்த முறை ஜெரார் நிஜமாகவே யோசித்துப் பார்த்தார். கன்னத்தைத் தொட்டிருந்தார், ஆனால் அந்தப் பதற்றத்தில் கைக்கு ஒன்றும் தெரியவில்லை. முத்தத்திலும் மீசைதான் குறுக்கே நின்றது.

"தெரியலப்பா" என்றார்.

"பரவால்ல சார். கலந்ததுன்னு வச்சுக்குவோம். பெரும்பாலும் ஒத்துக்கும்."

அதையும் ஒரு நாள் தன் கையில் தடவி வைத்திருந்தார். எரியவில்லை, வெளுக்கவில்லை, தடவிய இடமே தெரியவில்லை. இதற்கிடையே ஜெனவியேவ் ஒரு முறை போன் செய்தாள். ஆரோவில் போனோம், கடைவீதி போனோம், ஏலோதிக்குக் கொஞ்சம் வயிறு சரியில்லை, இப்போது தேவலை என்றாள். குரலில் கோபம் இல்லை. ஓட்டல் வரவேற்பறைப் பெண் பேசுகிற மாதிரி மரியாதையாகப் பேசினாள். கோபித்துக்கொண்டிருந்தால்கூட அவருக்குத் தேவலையாக இருந்திருக்கும்.

அதற்கு அடுத்த நாள் காலை தொப்பி, குடை, தண்ணீர் பாட்டில், வீராயி பொட்டலம் கட்டிய முறுக்கு, புது டியூப் எல்லாவற்றையும் ஒரு துணிப்பையில் போட்டுக்கொண்டு ஓட்டலுக்கு நடந்தார். இன்றைக்கு நேரில் கேட்டுவிடுவது என்று முடிவு. முதல் படகுக்கே போய்விட்டால் வெயில் ஏறுவதற்குள் திரும்பிவிடலாம்.

ஓட்டல் வாசலில் அதே குவாலிஸ் நின்றது. டிரைவர் மேலே பெட்டிகளை ஏற்றிக் கயிறு கட்டிக்கொண்டிருந்தான்.

ஜெனவியேவ் உள்ளேயிருந்து வந்தாள். அவரைப் பார்த்ததும் நின்றாள். "பப்பா! போற வழியில வீட்டுக்கு வரத்தான் இருந்தோம். மகாபலிபுரம் போறோம். அப்புறம் கேரளா. அங்கேருந்தே பிளைட்டு."

"இன்னிக்கேவா?"

"முதல்லயே போட்ட டிக்கெட்டு பப்பா."

ஜெரார் துணிப்பையை ஒரு கையிலிருந்து இன்னொரு கைக்கு மாற்றிக்கொண்டார். பேச வேண்டியதை வழியெல்லாம் அடுக்கி வைத்துக்கொண்டு வந்திருந்தார். அதில் ஒன்றும் இப்போது நினைவில்லை.

"ஜெனி, எங்கிட்ட இருந்தது ரெண்டே போட்டோ. அதுல ஒண்ணும் தெரியல. தெரியாதத நானா நெரப்பிக்கிட்டேன். ஊரெல்லாம் சொல்லிக்கிட்டேன். அவள வண்டியிலேருந்து எறங்கறப்போ பாத்துட்டு இன்னொருத்தியத் தேடினது தப்பு. பெரிய தப்பு. உங்கிட்ட நான் வேற என்ன சொல்ல முடியும்? நீ கறுப்புன்னு நான் ஒரு நாளும் நெனச்சதில்ல. ஆனா உங்கம்மா உன்ன அப்படிச் சொன்னப்போ ஒரு கடுதாசியிலகூட நான் வேணாம்னு எழுதல."

ஜெனவியேவ் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தாள். துடைத்துக்கொண்டே இருந்தாள்.

"நானும் நிறைய போட்டோ அனுப்பியிருக்கணும்" என்றாள் கடைசியில்.

"இது வேற வாங்கினேன்." டியூபை எடுத்து நீட்டினார். "இது வெளுக்காது. என் கையில போட்டுப் பாத்துட்டேன்."

அவள் வாங்கிப் பார்த்தாள். திருப்பி அவர் கையிலேயே கொடுத்துவிட்டு, உள்ளே பார்த்து மகளைக் கூப்பிட்டாள். கையில்லாத சட்டையில் ஏலோதி ஓடி வந்தாள். "தாத்தாகிட்ட கையக் காட்டு" என்று பிரெஞ்சில் சொன்னாள். அப்புறம் அப்பாவிடம், "மகாபலிபுரத்துல வெயில் ஜாஸ்தி. நீங்களே பூசி விடுங்க பப்பா" என்றாள்.

வரவேற்பறை நாற்காலியில் ஜெரார் உட்கார்ந்தார். ஏலோதி அவர் முட்டிகளுக்கு நடுவில் வந்து நின்று இரண்டு கையையும் நீட்டினாள். ஜெல் பட்டதும் சில்லென்றிருக்கிறது என்று தோளைக் குலுக்கினாள். அவர் மெதுவாகத் தடவினார். மேல் கை. முழங்கை. முழங்கையில் நுண்மணல் மாதிரி சொரசொரப்பு. முன்கையில் நகம் பட்ட இடத்தில் மெல்லிய வெள்ளைக் கோடுகள். பின்கழுத்து மட்டும் மொழுமொழுவென்று இருந்தது, அங்கே முடிக்குக் கீழே ஒரு சின்ன மச்சம். இடது முட்டியில் விழுந்து ஆறிய தழும்பு. எப்போது விழுந்தாளோ, யார் ஊதி விட்டார்களோ.

ஜெல் தடவத் தடவ உள்ளே இறங்கிவிட்டது. துளி வெளுப்பு இல்லை. அவர் முதலிலிருந்து இன்னொரு முறை தடவினார்.

"இங்கே ஏற்கெனவே பூசியாகிவிட்டதே" என்றாள் ஏலோதி பிரெஞ்சில்.

"கடற்கரை வெயில். இரண்டு பூச்சு வேண்டும்" என்றார், தன் பட்டாளத்துப் பிரெஞ்சில்.

"நீங்களும் வருகிறீர்களா?"

"அடுத்த தடவை."

ஃப்ளோரான் கைக்கடிகாரத்தைப் பார்த்தான். ஜெனவியேவ் அவனிடம் ஏதோ சொன்னாள், அவன் வெளியே போய் நின்றுகொண்டான். ஜெரார் காதுமடல்களுக்கும் பூசினார். பூச இனி இடமில்லை என்றதும் டியூபை மூடி, ஏலோதியின் கரடிப் பையில் போட்டு, முறுக்கையும் அதிலேயே திணித்தார். ஜெனவியேவ் குனிந்து அவர் இரண்டு கன்னத்திலும் முத்தம் வைத்தாள். "அடுத்த வருஷம் பாக்கலாம் பப்பா" என்றாள். பாக்கலாம் என்ற வார்த்தையை அவருக்கு நன்றாகத் தெரியும். தலையை ஆட்டினார்.

வண்டி கடற்கரை வீதியில் திரும்பி மறைந்த பிறகும் அங்கேயே நின்றார். அழுகை வந்தது. தொப்பியை முகத்துக்கு இறக்கிக்கொண்டு அழுதார்.

வீட்டுக்குப் போகப் பிடிக்கவில்லை. வீராயி கிளம்புகிற நேரம். மிசியோன் வீதிக்கு நடந்தார்.

மருந்துக் கடையில் கூட்டம். ஜெரார் ஓரமாக நின்று எல்லோரும் போகும்வரை காத்திருந்தார். வினோத்குமார் நிமிர்ந்து, "என்ன சார் வேணும்?" என்றான்.

"டிரை."

"என்ன சார்?"

"அன்னிக்குக் கேட்டியே, பேத்திக்கு ஸ்கின் எப்படின்னு. டிரை. முழங்கை கிட்ட சொரசொரன்னு இருக்கு. பின்கழுத்து மட்டும் மொழுமொழுன்னு. அரிப்பு கிரிப்பு ஒண்ணும் இல்ல."

வினோத்குமார் மேசையறையிலிருந்து அட்டையை எடுத்துப் பார்த்தான். "அடடா, டிரைன்னா ஜெல்லு வேணாமே சார், இன்னும் காய வைக்கும். கிரீமாத்தான் குடுக்கணும். அந்த டியூபக் கொண்டாங்க, மாத்தித் தர்றேன்."

"அது அவளோட போயிடுச்சு."

"ஊருக்கா? போயிட்டாங்களா சார்?"

"போயிட்டாங்க. நீ அந்தக் கிரீம் ஒண்ணு குடு."

வினோத்குமார் தயங்கினான். பிறகு அலமாரியைத் திறந்து ஒரு பெட்டியை எடுத்து வைத்தான். ஜெரார் அதைக் கண்ணுக்கருகே கொண்டுபோய்த் திருப்பித் திருப்பிப் பார்த்தார். எழுத்து பொடியாக இருந்தது.

"தம்பி, எக்ஸ்பயரி கொஞ்சம் தள்ளியிருக்கறதா பாத்துக் குடு."

வினோத்குமார் உள்ளே போய், இருந்த பெட்டிகளை எல்லாம் கொண்டுவந்து மேசைமேல் பரப்பி, ஒவ்வொன்றாகத் தேதி பார்த்தான். ஒன்றை எடுத்து அவர் பக்கம் தள்ளினான்.

"இருக்கறதுல இதான் சார் கடைசித் தேதி. இதுக்கு மேல தள்ளி வராது."

ஜெரார் அதை வாங்கிச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டார்.